வாயில்லா ஜீவன்

போன மாதம் ஒரு சனிக்கிழமை மாலை நாங்கள் வழக்கமாகக் கூடும் டீக்கடைக்கு நான் முக்கால் மணி நேரம் தாமதமாகப் போய்ச் சேர்ந்தேன். நண்பர்கள் ஒரு புதிய கவிதைத் தொகுதியைப் பாதி கிழித்து முடித்திருந்தார்கள். ஏன் இவ்வளவு நேரம் என்றதற்கு, மண்புழு தோண்டிக்கொண்டிருந்தேன் என்றேன். வீட்டில் ஆமை இருக்கிறது, அதற்கு. ஒருவர் சிரித்தார். இன்னொருவர், எங்களுக்குள் தத்துவம் கொஞ்சம் படித்தவர், ஆமை என்பது எதைக் குறிக்கிறது என்று ஆரம்பித்துவிட்டார். புலனடக்கம், காலம், தன் வீட்டைத் தானே சுமக்கும் தனிமனிதன் – டீ ஆறுவதற்குள் மூன்று அர்த்தங்கள் வந்து விழுந்தன. அது என்ன சாப்பிடும் என்று யாரும் கேட்கவில்லை. எனக்கு எரிச்சல் வந்தது. அந்த எரிச்சல் அவர்கள்மேல் வந்ததல்ல என்பது வீட்டுக்குத் திரும்பி நடக்கும்போதுதான் தெரிந்தது.

நம் இலக்கியத்தில் ஆமை சாப்பிடுவதில்லை. வள்ளுவர் அடக்கமுடைமையில் உறுப்புகளை உள்ளிழுத்துக்கொள்ளும் ஆமையைக் காட்டுகிறார். கீதையின் இரண்டாம் அத்தியாயத்திலும் அதே ஆமை, அதே உள்ளிழுப்பு. பாற்கடலைக் கடைந்தபோது மந்தர மலைக்கு அடியில் போய் அது வெறும் பீடமாகிவிடுகிறது; அமுதம் யாருக்குப் போயிற்று என்பதற்குக் கதை உண்டு, முதுகு கொடுத்தவர் என்ன உண்டார் என்பதற்கு இல்லை. மரபை உடைத்துவிட்டதாகச் சொல்லிக்கொள்ளும் நாமும் இந்த விஷயத்தில் எதையும் உடைக்கவில்லை. உவமை என்று அவர்கள் சொன்னதை நாம் படிமம் என்கிறோம். ஒரு ஜந்து படிமமான கணத்திலேயே அதன் வயிறு காணாமல் போய்விடுகிறது. இதைக் குற்றச்சாட்டாகச் சொல்ல எனக்கு அருகதை இல்லை. காரணம் பின்னால் வரும்.

மூன்று வருஷத்துக்கு முன், என் தந்தை இறந்து நாலைந்து மாதம் கழித்து, வீட்டில் ஏதாவது அசைந்தால் தேவலை என்றிருந்த நாட்களில், மகளின் பிறந்த நாளுக்காக மதுரையில் ஒரு மீன் தொட்டிக் கடையில் அதை வாங்கினோம். உள்ளங்கையில் பாதிகூட இராது. பச்சை ஓடு, கண்ணுக்குப் பின்னால் இரு பக்கமும் சிவப்புக் கோடு. மிஸிஸிப்பி ஆற்றுப் படுகையைச் சேர்ந்த ஜாதி. நம் கண்மாய்களில் இருக்கும் பால் ஆமையைப் பிடிப்பதும் வளர்ப்பதும் 1972ஆம் வருஷத்து வனவுயிர்ப் பாதுகாப்புச் சட்டப்படி குற்றம். ஆகவே கடைகளில் இன்னொரு கண்டத்தின் ஆமை. அமெரிக்காவிலேயே நாலு அங்குலத்துக்குக் குறைந்த ஓடுள்ள ஆமைக் குஞ்சுகளைச் செல்லப்பிராணிகளாக விற்பதை 1975ல் தடுத்துவிட்டார்கள். குழந்தைகளுக்கு அவற்றிடமிருந்து ஸால்மொனெல்லா என்ற குடல்நோய்க் கிருமி தொற்றிக்கொண்டிருந்தது. உள்ளூரில் விற்கக் கூடாத குஞ்சுகளை அங்குள்ள பண்ணைகள் லட்சக்கணக்கில் வெளிநாடுகளுக்கு அனுப்பின. இன்று நம் விமான நிலையங்களில் பயணிகளின் பெட்டிகளுக்குள்ளிருந்து சுங்க அதிகாரிகள் எடுக்கிற குஞ்சுகளும் இந்த ஜாதிதான். வாங்கியபோது எனக்கு இது எதுவும் தெரியாது. தெரிந்துகொள்ள வேண்டும் என்றும் தோன்றவில்லை என்பதுதான் விஷயம். நாற்பது ரூபாய்க்கு ஒரு டப்பா காய்ந்த இறால் கொடுத்து, "இத மட்டும் போட்டாப் போதும் சார்" என்றார் கடைக்காரர். ஒரு உயிரைப் பற்றிய ஞானம் ஒரு வாக்கியத்தில் முடிந்துவிட்டதில் எனக்கு நிம்மதியாகவே இருந்தது.

ஆமை புகுந்த வீடும் அமீனா புகுந்த வீடும் உருப்படாது என்றாள் அம்மா. பாங்கியில் வேலை பார்ப்பவன் வீட்டில் பாதி அமீனா ஏற்கெனவே இருக்கிறான் என்றேன். அவள் சிரிக்கவில்லை. எங்களுடையது சைவ வீடு. இறால் டப்பாவுக்குச் சமையலறையில் இடமில்லை, மாடிப்படிக்குக் கீழே இருந்தது. ஆனால் பத்து நாளில் அம்மா மாறிவிட்டாள். ஆமை ஆளை அடையாளம் கண்டுகொள்ள ஆரம்பித்துவிட்டது. காலடி கேட்டால் போதும், கண்ணாடிச் சுவரில் முன்னங்கால்களை அடித்துக்கொண்டு மேலே வந்து கழுத்தை நீட்டி வாயைத் திறக்கும். "வாயில்லா ஜீவன், பசிச்சுத்தானய்யா வருது" என்று சொல்லிக்கொண்டே காலையில் தயிர்ச்சோறு, மத்தியானம் அவித்த நிலக்கடலை. சாயங்காலம் நான் வந்ததும் இறால். ஒரு தடவை அல்ல, வந்து நிற்கும்போதெல்லாம்.

இதில் என் பங்கைக் கூடியவரை சரியாகச் சொல்ல வேண்டும். பகல் முழுவதும் கவுண்டருக்கு அந்தப் பக்கம் நிற்பவர்கள் என்னைப் பார்ப்பதில்லை. டோக்கன் எண்ணைப் பார்க்கிறார்கள், நகைக்கடன் மறுஏலப் பட்டியலைப் பார்க்கிறார்கள், என் முகத்தில் ஏதாவது இருக்கிறதென்றால் அது மானேஜர் சரி சொல்லிவிட்டாரா என்ற தகவல்தான். வீட்டில் ஒரு உயிர் என்னைக் கண்டதும் உடம்பெல்லாம் ஆடிக்கொண்டு வருகிறது. நான் போட்ட ஒவ்வொரு இறாலும் இதற்குக் கொடுத்த விலை. அது என்னை நேசிக்கிறது என்று நினைத்தேன் என்று எழுதினால் கேலிக்கூத்தாக இருக்கும், ஆனால் நினைத்தேன். அதன் திறந்த வாயை ஒரு பேச்சாக எடுத்துக்கொண்டேன்.

எட்டாவது மாதம் அது ஒரு செங்கல்மேல் ஏறிக் கண்ணை மூடிக்கொண்டு உட்கார்ந்தது. மணிக்கணக்கில் அசையவில்லை. காலடி கேட்டாலும் வரவில்லை, இறால் மிதந்து கரைந்தது. தலையையும் கால்களையும் உள்ளே இழுத்துக்கொண்டு, கடிகாரச் சத்தத்துக்கு நடுவில் அப்படி ஒரு அமைதி. நான் அதைப் பார்த்துப் பதினொரு வரியில் ஒரு கவிதை எழுதினேன். உள்ளொடுங்குதல், மௌனம், புலன்களின் வாசலை அடைத்துக்கொண்ட ஒரு தியானி – இன்னும் என்னென்னவோ. அதை ஒரு இதழ் வெளியிட்டது. இதைப் படிக்கும் முப்பது நாற்பது பேரில் இரண்டொருவர் நன்றாக இருந்தது என்று கடிதம்கூடப் போட்டார்கள். அவர்கள் மறந்திருப்பார்கள் என்ற நம்பிக்கையில்தான் இங்கே சொல்கிறேன். என் மகள், அப்போது அவளுக்கு எட்டு வயசு, தொட்டிமேல் குனிந்து பார்த்துவிட்டு, "அப்பா, அதுக்குக் கண்ணு வீங்கியிருக்கு" என்றாள்.

எங்கள் ஊர்க் கால்நடை மருத்துவர் ஆடு மாடு பார்க்கிறவர். ஆமை தனக்குப் பழக்கமில்லை என்று மறைக்காமல் சொல்லி, திருநெல்வேலியில் ஒருவரிடம் அனுப்பினார். ஒரு பிளாஸ்டிக் வாளியில் ஈரத்துணி போட்டு பஸ்ஸில் கொண்டுபோனேன். அந்த மருத்துவர் வாளிக்குள் பார்ப்பதற்கு முன்பே என்னிடம் கேட்ட முதல் கேள்வி, "என்ன போடுறீங்க?" கவிதைக்கு வராத கேள்வி. சொன்னேன். பிறகு ஆமையை எடுத்து ஓட்டின் ஓரத்தைக் கட்டைவிரலால் அழுத்திக் காட்டினார். நகம்போல இருக்க வேண்டிய இடம் நனைந்த அட்டைபோல உள்வாங்கியது. என் விரலையும் வைத்துப் பார்க்கச் சொன்னார்.

நான் கண்டது தியானம் அல்ல, வைட்டமின் ஏ குறைவு. காய்ந்த இறாலில் அது இல்லை, சோற்றிலும் இல்லை. அது குறைந்தால் கண்ணைச் சுற்றியுள்ள சுரப்பிகளும் சவ்வும் தடித்து இமை வீங்கி ஒட்டிக்கொள்கிறது. இந்த ஆமைகள் பெரும்பாலும் பார்வையால்தான் இரை தேடும். கண் மூடினால் இரை தெரியாது, இரை தெரியாவிட்டால் தின்னாது, தின்னாவிட்டால் குறைவு இன்னும் கூடும். வளையம் இறுகிக்கொண்டே போகும். சரி, ஊசி போட்டுவிடலாமே என்றால், அளவு மீறிய வைட்டமின் ஏ தோலை உரித்துவிடும். ஆகவே கொஞ்சம் கொஞ்சமாக, உணவு வழியாக.

ஓட்டின் கதை வேறு. ஓடு என்பது ஆமை போட்டுக்கொண்டிருக்கும் சட்டை அல்ல. முதுகெலும்பும் விலா எலும்பும் சேர்ந்து விரிந்த அதன் எலும்புக்கூடு. உணவில் பாஸ்பரஸைவிடச் சுண்ணாம்புச் சத்து அதிகமாக, ஏறக்குறைய இரண்டுக்கு ஒன்று என்ற அளவில், இருக்க வேண்டும். வெறும் தசையில், அதாவது முள்ளில்லாத மீன், எலும்பில்லாத இறைச்சி இவற்றில், கணக்கு தலைகீழ்: பாஸ்பரஸ் பல மடங்கு. நிலக்கடலையும் அப்படியே. அப்போது ரத்தத்தைச் சமன் செய்ய உடம்பு எலும்பிலிருந்து சுண்ணாம்பை எடுக்கிறது. தன் வீட்டை இடித்து அடுப்பெரிப்பது மாதிரி. நாங்கள் அன்போடு ஊட்டிய எட்டு மாதமும் அது தன் ஓட்டைத் தின்று உயிர் வாழ்ந்திருக்கிறது.

இன்னொன்றும் சொன்னார், அதை என்னால் மறக்க முடியவில்லை. சுண்ணாம்பு உடம்பில் சேர வைட்டமின் டி வேண்டும், அதற்கு வெயிலிலுள்ள புறஊதாக் கதிர் வேண்டும். தொட்டியை ஜன்னலோரமாகத்தானே வைத்திருக்கிறேன் என்றேன். ஜன்னல் கண்ணாடி அந்தக் கதிரை வடிகட்டிவிடும் என்றார். சித்திரையில் தார் ரோடு செருப்பைப் பிடித்து இழுக்கும் கோவில்பட்டியில், வெயிலைத் தவிர வேறெதையும் தாராளமாகத் தராத இந்தக் கரிசல் காட்டில், ஒரு ஜந்து வெயில் இல்லாமல் எலும்பு இளகிக் கிடந்தது. வெளிச்சம் விழுந்தது, வெப்பம் விழுந்தது, வேண்டியது மட்டும் விழவில்லை.

அம்மாவின் அந்த வார்த்தைக்கு வருகிறேன். வாயில்லா ஜீவன். இவ்வளவு பெரிய வாயைத் திறந்துகொண்டு நிற்பதை ஏன் வாயில்லாதது என்கிறோம்? தமிழில் உண்பதற்கும் பேசுவதற்கும் வாய் ஒன்றுதான். ஆனால் 'வாயில்லா' என்று வரும்போது போவது பேச்சு மட்டும். தின்கிற வாய் இருக்கிறது, தனக்கு என்ன வேண்டும் என்று சொல்லும் வாய் இல்லை. அந்தச் சொல்லுக்குள் ஒரு எச்சரிக்கை இருப்பதாக இப்போது எனக்குத் தோன்றுகிறது. வாயில்லாதது வாயைத் திறந்தால் அதைச் சொல்லாக எடுத்துக்கொள்ளாதே என்று. நாமோ அந்தச் சொல்லை இரக்கப்படுவதற்கு மட்டும் வைத்துக்கொண்டோம்.

நம் மரபு பசியைப் பற்றிச் சிந்தித்த அளவுக்கு உண்பவனைப் பற்றிச் சிந்தித்ததா என்று கேட்கலாம். வடலூரில் வள்ளலார் 1867ல் மூட்டிய தருமசாலை அடுப்பு இன்னும் அணையவில்லை. பசி தீர்ப்பதையே அறத்தின் மையமாக வைத்த மனிதர் அவர். இதைச் சிறுமைப்படுத்த நான் வரவில்லை. பஞ்சத்தில் செத்த மண்ணில் அது சாதாரணத் தரிசனம் அல்ல. ஆனால் மணிமேகலையின் அமுதசுரபியை எடுத்துக்கொள்ளுங்கள். யார் நீட்டினாலும் அள்ள அள்ளக் குறையாத சோறு. காயசண்டிகையின் யானைத்தீயையும் அதே சோறுதான் ஆற்றுகிறது. பாத்திரம் யாரிடமும் 'நீ யார், உனக்கு எது ஆகும்' என்று கேட்பதில்லை. கேட்காமலிருப்பதே அதன் மகிமை. அதற்கு முன் அந்தப் பாத்திரத்தை வைத்திருந்த ஆபுத்திரன் கதை இன்னும் விசேஷம். நாடு செழித்துப் பசித்தவர் வராமல் போய்விடுகிறார்கள். பசித்த நாட்டைத் தேடிக் கப்பலேறியவன் ஆளில்லாத மணிபல்லவத்தில் தனியே விடப்படுகிறான். தன் ஒருவன் வயிற்றுக்காக அதை வைத்துக்கொள்ள மனமில்லாமல் பொய்கையில் விட்டுவிட்டு உண்ணாதிருந்து உயிரை விடுகிறான். தியாகம் என்று இதைப் படித்தே வளர்ந்தோம். இப்போது படிக்கும்போது வேறொன்றும் தெரிகிறது: வாங்கும் வாய்கள் இல்லாவிட்டால் கொடுப்பவனால் இருக்க முடிவதில்லை. மாலையில் தொட்டி முன்னால் நின்ற எனக்கு அவனைத் தெரியும்.

எங்கள் ஊருக்குப் பக்கத்து எட்டயபுரத்தில்தான் 1956ல் காமராஜர் பள்ளி மதிய உணவைத் தொடங்கினார். அப்போது அது 'மதிய உணவு'. 1982ல் எம்.ஜி.ஆர். காலத்தில் அதன் பெயர் 'சத்துணவு' ஆயிற்று. 1989ல் முட்டை வந்தது. இந்தப் பெயர் மாற்றத்தை அரசியல் விளம்பரம் என்று மட்டும் பார்ப்பவர்கள் உண்டு. எனக்கு அது மொழிக்குள் நடந்த ஒரு நகர்வாகப் படுகிறது. சோற்றிலிருந்து சத்துக்கு, நிரம்பிய வயிற்றிலிருந்து, அந்த வயிறு இருக்கும் உடம்புக்கு. முப்பது வருஷத்தில் நடந்த நகர்வு. முட்டை வேண்டாம் என்கிற பிள்ளைக்கு வாழைப்பழம் என்று ஒரு சிறு விலக்கும் அதில் பிற்பாடு சேர்ந்தது. அந்த விலக்கில் உண்பவன் முதல்முறையாகத் தலைகாட்டுகிறான் என்று சொல்லலாமா?

இதுவரை எழுதியதைப் படித்தால் நான் ஏதோ ஊட்டச்சத்து இலாகாவுக்கு வக்காலத்து வாங்குவதுபோல இருக்கும். அவ்வளவு சுலபமில்லை. வங்கதேசத்தில் சிட்டகாங் நகரத்தில் பாயஸீத் பஸ்தாமி தர்காவின் குளத்தில் கறுத்த மெல்லோட்டு ஆமைகள் இருக்கின்றன. ஞானியின் சாபத்தால் ஆமையான துஷ்ட ஆவிகள் என்பது ஐதீகம். யாத்ரீகர்கள் ரொட்டியும் வாழைப்பழமும் கறித் துண்டும் குச்சியில் குத்தி நீட்டுகிறார்கள். ஆமைகளுக்கு ரொட்டி எதற்கும் ஆகாது. ஆனால் வெகுகாலம் அந்த ஜாதி உலகத்தில் அந்தக் குளத்தில் மட்டுமே மிச்சமிருப்பதாக நம்பினார்கள். 2002ல் இயற்கையில் அழிந்துவிட்டது என்றே சர்வதேசப் பட்டியலில் பதிந்தார்கள். பிற்பாடு அஸ்ஸாமில் ஹாஜோவின் ஹயக்ரீவ மாதவர் கோவில் குளம் போன்ற இடங்களிலும் அவை இருப்பது தெரிந்தது. ஆறுகளிலும் கொஞ்சம் தென்பட, 2021ல் பட்டியலைத் திருத்தினார்கள். அறிவுள்ளவர்கள் வலை போட்டுப் பிடித்துத் தின்ற ஆற்றங்கரைகளில் அவை போயின; அறியாதவர்கள் பொரியும் ரொட்டியும் போட்ட இரண்டு குளங்களில் பிழைத்தன. என் கட்டுரைக்கு இது வசதியான உண்மை அல்ல. என்றாலும் சொல்லாமல் போவது சரியில்லை. குளத்துக்கும் கண்ணாடித் தொட்டிக்கும் ஒரு வித்தியாசம் உண்டு என்பதோடு விடுகிறேன். குளத்து ஆமை ரொட்டியைத் தின்றுவிட்டு அடியில் போய் நத்தையையும் தேடிக்கொள்ளும். தொட்டியில் அடி என்று ஒன்று இல்லை. என் கைதான் அதற்கு ஆறு, வெயில், மழைக்காலம் எல்லாம்.

ஆங்கில இலக்கியம் படித்த வகையில் எனக்குத் தெரிந்த ஒரே சாப்பிடும் ஆமை கில்பர்ட் வைட்டினுடையது. செல்போர்ன் கிராமத்துப் பாதிரியார். அத்தை இறந்தபின் அவள் வளர்த்த நில ஆமையை 1780ல் தன் தோட்டத்துக்குக் கொண்டுவந்தார். டிமோத்தி என்று பெயர். எந்த இலை பிடிக்கும், எப்போது இரை எடுப்பதை நிறுத்தும், எந்த மாதம் மண்ணுக்குள் போகும் என்று குறித்துவைத்தார். பால் வடியும் செடிகள் அதற்கு உகப்பு என்று கண்டுகொண்டார். அது எதற்குக் குறியீடு என்று அவர் அதிகம் கவலைப்பட்டதாகத் தெரியவில்லை. வைட் 1793ல் இறந்தார், ஆமை அடுத்த வருஷம். இறந்தபின்தான் டிமோத்தி பெண் என்று தெரிந்தது. இவ்வளவு சிரத்தையோடு பார்த்தவருக்கும் அவ்வளவுதான் தெரிந்தது என்பது எனக்கு ஒரு ஆறுதல்.

இனி, தள்ளிப்போட்டுக்கொண்டே வந்த விஷயம்.

திருநெல்வேலி மருத்துவர் பாஸ்பரஸ் என்று சொன்னபோது அந்த வார்த்தையை நான் முதல் தடவை கேட்கவில்லை. என் தந்தை சர்க்கரை வியாதிக்காரர். கடைசி ஒன்றரை வருஷம் சிறுநீரகமும் போய்விட்டது. வாரத்துக்கு இரண்டு நாள் டயாலிஸிஸ். ஒரு சாப்பாட்டுச் சீட்டு கொடுத்திருந்தார்கள். பருப்பு, பால், வாழைப்பழம், இளநீர், நிலக்கடலை எல்லாவற்றுக்கும் நேரே பெருக்கல் குறி. சிறுநீரகம் பாஸ்பரஸை வெளியேற்றாது, அது ரத்தத்தில் ஏறும், உடம்பு எலும்பிலிருந்து சுண்ணாம்பை எடுக்கும். காரணம் வேறானாலும் கணக்கு அதேதான். என் தந்தையும் ஆமையும் ஒரே விதத்தில் தங்கள் எலும்பைத் தின்றுகொண்டிருந்தார்கள். அந்தச் சீட்டை நான் குளிர்பெட்டிக் கதவில் ஒட்டிவைத்து, ஒரு குமாஸ்தாவின் ஒழுங்கோடு அமல்படுத்தினேன்.

பஞ்சாலையில் கணக்கெழுதியவர் அவர். எதையும் ஒருமுறைக்கு மேல் கேட்கும் வழக்கமில்லை. மாசி மாதம் ஒரு சாயங்காலம், "கடல மிட்டாய் ஒண்ணு வாங்கிட்டு வாடா" என்றார். எங்கள் ஊரின் பெயரை வெளியே கொண்டுபோன பண்டம் அது, 2020ல் புவிசார் குறியீடுகூடக் கிடைத்தது. கரிசல் நிலக்கடலையும் வெல்லப் பாகும். சர்க்கரையும் பாஸ்பரஸும் பொட்டாசியமும் ஒரே துண்டில். சீட்டுல என்ன போட்டிருக்குன்னு தெரியும்லப்பா என்றேன். "தெரியும். தெரிஞ்சுதான் கேக்கேன்" என்றார். நான் பதில் சொல்லாமல் எழுந்து அடுத்த அறைக்குப் போனேன். இரண்டு நாள் கழித்து அம்மா முந்தானைக்குள் கால் துண்டு வைத்துக்கொண்டுபோய்க் கொடுத்ததைப் பார்த்துவிட்டு, அவர் காதில் விழும்படி அவளைச் சத்தம் போட்டேன். பங்குனியில் அவர் இறந்தார். மிட்டாயால் அல்ல.

கொடுத்திருக்க வேண்டும் என்று நான் இங்கே சொல்ல வரவில்லை. மருத்துவச் சீட்டு பொய்யல்ல. ஆனால் 'தெரிஞ்சுதான் கேக்கேன்' என்பது ஒரு வாக்கியம். அதற்குள் சீட்டின் முழு அறிவும் இருந்தது, அதற்கு அப்பால் ஒரு மனிதன் தன் மிச்ச நாட்களைப் பற்றி எடுத்த ஒரு முடிவும் இருந்தது. மறுப்பதாக இருந்தால்கூட உட்கார்ந்து மறுத்திருக்க வேண்டிய வாக்கியம். நான் அதை ஒரு நோயாளியின் வாய் திறப்பாக எடுத்துக்கொண்டேன். ஐந்தாறு மாதம் கழித்து, ஒரு ஊர்வனத்தின் வாய் திறப்பை வாக்கியமாக எடுத்துக்கொண்டேன். வாயுள்ளவரிடம் அட்டவணையோடு போனேன். அட்டவணை தேவைப்பட்ட வாயில்லாததிடம் உணர்ச்சியோடு போனேன். இரண்டு தவறும் தனித்தனியாக எனக்குப் புரிகிறது. இரண்டையும் ஒரே ஆள், ஒரே வருஷத்தில், இரண்டையும் அன்பு என்று நினைத்துக்கொண்டு செய்ய முடிந்தது எப்படி என்பது புரியவில்லை. ஒருவேளை இரண்டு இடத்திலும் நான் பார்த்துக்கொண்டிருந்தது என்னையேதானோ – பொறுப்புள்ள மகன், காத்திருக்கப்படும் எஜமான். இது சற்றுச் சுலபமான விடையாகவும் இருக்கலாம்.

அம்மா அந்தக் கால் துண்டைக் கொடுத்தபோது செய்தது என்ன? ஆமைக்குத் தயிர்ச்சோறு போட்ட அதே கைதான். அதே இரக்கம்தான் என்று சொல்லிவிடலாம். எனக்கு அப்படித் தோன்றவில்லை. நாற்பது வருஷம் ஒரு மனிதருக்குச் சோறு போட்டவளுக்கு, அவர் எப்போது பசியால் கேட்கிறார், எப்போது வேறெதற்காகக் கேட்கிறார் என்று தெரிந்திருக்கலாம். அவளிடம் ஆமையைப் பற்றி அந்த நாற்பது வருஷம் இல்லை. என்னிடம் இரண்டுமே இல்லை.

ஆமை பிழைத்துவிட்டது. கண் திறக்க ஐந்து வாரம் பிடித்தது; ஓட்டின் ஓரம் கொஞ்சம் மேடு பள்ளமாகவே நின்றுவிட்டது, இனி அது நேராகாது. இப்போது காலையில் ஒரு மணி நேரம் மொட்டை மாடியில், பாதி நிழல் இருக்கும்படி ஒரு தொட்டியில் வெயில். குஞ்சாக இருக்கும்போது புழு பூச்சி மீன் அதிகம் வேண்டும், வளர வளர இலைக்கு மாற வேண்டும். ஆகவே முருங்கைக் கீரை, துருவிய கேரட், ஆகாயத்தாமரை இலை. பாலக்கீரை அடிக்கடி கூடாது, அதிலுள்ள ஆக்ஸாலிக் அமிலம் சுண்ணாம்பைக் கட்டிப்போட்டுவிடும். வாரத்துக்கு ஓரிரு நாள் மண்புழு, அல்லது சின்ன மீனை முள்ளும் குடலுமாக முழுசாக. தொட்டியில் எப்போதும் ஒரு துண்டு கணவாய் ஓடு. நாட்டுமருந்துக் கடையில் கடல்நுரை என்று கேட்டால் கொடுப்பார்கள். இரையைத் தண்ணீரிலேதான் போட வேண்டும், கரையில் போட்டால் அதற்கு விழுங்க வராது. முட்டைகூடத் தொடாத அம்மா இப்போது எருக்குழிப் பக்கம் மண்வெட்டியோடு போகிற பால்காரப் பையனிடம், "புழு கெடச்சாக் கொண்டாய்யா" என்கிறாள். தான் தொடமாட்டாள். இதில் பாவம் யாருக்கு என்று ஒரு நாள் கேட்டாள். அதுக்கு இல்ல என்றேன். அவள் கேட்டது அதைப் பற்றி அல்ல என்பது எனக்குத் தெரியும். ஒன்றை வாழவைக்க இன்னொன்றைக் கொல்லும் கணக்கை நான் இன்னும் முடிக்கவில்லை.

எதிர்வீட்டுக்காரர், கண்மாயில் விட்டுவிடுங்களேன், புண்ணியம் என்கிறார். இந்த ஜாதியை இப்படிப் புண்ணியத்துக்கு விட்டவர்கள்தான் உலகெங்கும் குளங்களை அதற்குக் கொடுத்தார்கள். 2018ல் திருச்சூர் பக்கம் ஒரு வாய்க்காலிலும் கண்டெடுத்திருக்கிறார்கள். எங்கள் கண்மாயில் ஏற்கெனவே ஆள் இருக்கிறது. பால் ஆமை, தண்ணீர் இருக்கும்வரை நத்தை, தவளை, செத்த மீன், பாசி என்று கிடைத்ததைத் தின்னும். கோடையில் கண்மாய் வற்றி மண் வெடிக்கும்போது சேற்றுக்குள் இறங்கி, அடுத்த மழைவரை ஒன்றும் தின்னாமல் கிடக்கும். யாரும் அதற்கு வேளைக்குச் சோறு வைப்பதில்லை. அதற்குப் போட்டியாக மிஸிஸிப்பிக்காரனைக் கொண்டுபோய் விட எனக்கு உரிமை இல்லை. எங்கள் வீட்டு ஆமை சரியாகப் பார்த்துக்கொண்டால் முப்பது வருஷம் இருக்குமாம். எந்த வீட்டுக் கடனையும்விட நீண்ட தவணை. என் மகளுக்கு அப்போது நாற்பது வயசு ஆகியிருக்கும்.

வளர்ந்தபின் தினமும் இரை போடக் கூடாது, ஒரு நாள் விட்டு ஒரு நாள் போதும். அம்மா இதை விரதம் என்கிறாள். விரத நாளிலும் அது காலடி கேட்டால் மேலே வந்து, கண்ணாடியில் கால்களை அடித்துக்கொண்டு வாயைத் திறக்கத்தான் செய்கிறது. நேற்று நான் பாங்கியிலிருந்து வந்ததும், "இன்னைக்கு அதுக்கு விரதந்தானய்யா? காலையிலருந்து வந்து வந்து நிக்குது" என்றாள். ஆமாம் என்றேன். கொஞ்ச நேரம் நின்றாள். பிறகு கொடியில் கிடந்த துண்டை எடுத்துத் தொட்டியின் முன்பக்கத்தை மூடிவிட்டு உள்ளே போனாள்.